சோழியில் எண்ணிய வானம்

கோட்டைகளைப் பாதுகாக்க நம்மிடம் சட்டங்கள் இருக்கின்றன. மனித நினைவுகளைப் பாதுகாக்கச் சட்டம் ஏதும் இல்லை. 2025ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் மராத்தியரின் படைத்தளங்கள் பன்னிரண்டு யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்க்கப்பட்டபோது, தமிழகத்திலிருந்து இடம்பெற்ற ஒரே கோட்டை நம் செஞ்சி. இராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திரகிரி என்ற மூன்று குன்றுகளையும் இணைத்து ஓடும் அதன் மதில்கள் இனிக் காக்கப்படும் என்று நாம் மகிழலாம். ஆனால், அந்த மதில்களின் நிழலில் வாழ்ந்த மனிதர்கள் தம் நெஞ்சுக்குள் கட்டிவைத்திருந்த கோட்டைகள் என்ன ஆயின?

ஒரு பள்ளியை நாம் கற்பனை செய்து பார்ப்போம். செஞ்சிக் குன்றின் அடிவாரத்தில், ஒரு வேப்பமர நிழலில் அது நடக்கிறது. கரும்பலகை இல்லை, ஏடு இல்லை, எழுத்தாணியும் இல்லை. மாணவர்கள் பொருள் விளங்காத 248 சிறு வாக்கியங்களை மனப்பாடம் செய்கிறார்கள். ஒவ்வொரு வாக்கியத்துக்குள்ளும் ஓர் எண் ஒளிந்திருக்கிறது. ஆசிரியர் தரையில் சோழிகளைப் பரப்புகிறார், நகர்த்துகிறார், சிலவற்றை எடுத்துவிடுகிறார். பின் தலைநிமிர்ந்து, ‘‘இன்ன நாள் இரவு, இன்ன நாழிகையில், நிலவைக் கிரகணம் பற்றும்’’ என்கிறார். அப்படியே நடக்கிறது. ‘‘ஏன் ஐயா அப்படி நடக்கிறது?’’ என்று கேட்டால் அவருக்குப் பதில் தெரியாது.

இது ஏதோ மாயக்கதை போலத் தோன்றும். செஞ்சியில் வேப்பமரத்தடியில் இப்படி ஒரு பள்ளி நடந்ததாக வரலாறு கூறவில்லை. ஆனால் செஞ்சியிலிருந்து ஏறக்குறைய 70 கிலோமீட்டர் தொலைவிலுள்ள புதுச்சேரியில், இந்தக் கணிதம் இருநூறு ஆண்டுகளுக்கு முன்வரை உயிரோடு இருந்தது. அதைக் கண்டவர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். அந்தக் கணிதத்தின் வரலாறு, நம் விசுவாச வாழ்வைப் பற்றியும் நம்மை ஒரு கேள்வி கேட்கிறது. அதனாலேயே இந்த இதழில் அதைப் பற்றிச் சிந்திக்க விரும்புகிறோம்.

நெற்களஞ்சியமும் திண்ணைப் பள்ளியும்

செஞ்சிக் கோட்டைக்குள் நுழைவோர் கல்யாண மகாலையும் குதிரைலாயங்களையும் கண்டு வியப்பர். அவற்றுக்கு அருகில், வளைந்த கூரைகளுடன் நிற்கும் பெரும் நெற்களஞ்சியத்தை அவ்வளவாகக் கவனிப்பதில்லை. ஆனால் முற்றுகைகளைத் தாங்கிய கோட்டைக்கு மதிலைவிட முக்கியமானது களஞ்சியம். 1690 முதல் 1698 வரை முகலாயப் படை இக்கோட்டையை முற்றுகையிட்டது. அத்தகைய காலத்தில் எத்தனை பேர், எத்தனை நாள், எத்தனை கலம் நெல் என்ற கணக்கே உயிர்க்கணக்கு.

நெல்லை அளந்தவரும், நிலத்தை அளந்தவரும், வரியைப் பிரித்தவரும் எங்கே கணக்குப் படித்தார்கள்? ஊர்தோறும் இருந்த திண்ணைப் பள்ளிகளில்தான். மணலில் விரலால் எழுதி, உரக்கச் சொல்லி, சட்டாம்பிள்ளையின் கண்காணிப்பில் அங்கே பாடம் நடந்தது. எண்சுவடி, பொன்னிலக்கம், நெல்லிலக்கம், குழிமாற்று என்பன அங்கே பயின்ற பாடங்கள். காரிநாயனாரின் ‘கணக்கதிகாரம்’ அந்த மரபில் எழுந்த புகழ்பெற்ற நூல்.

அந்தக் கணக்கின் நுட்பம் இன்றைய மாணவரைத் திகைக்க வைக்கும். ஒன்றில் இருபதில் ஒரு பங்கு ‘மா’. எண்பதில் ஒரு பங்கு ‘காணி’. முந்நூற்று இருபதில் ஒரு பங்கு ‘முந்திரி’. முந்திரியையே மீண்டும் முந்நூற்று இருபதாகப் பகுத்தால் ‘கீழ்முந்திரி’. அது ஒன்றில் 1,02,400இல் ஒரு பங்கு. ஒருமாவை ஒருமாவால் பெருக்கினால் நானூற்றில் ஒரு பங்கு வரும். திண்ணைக் கணக்கின் முறையில் சொன்னால், அது ‘கீழ் முக்காலே ஒருமா’. அதாவது, முந்திரியின் முக்கால் பங்கும், அதனோடு முந்திரியின் இருபதில் ஒரு பங்கும். இதைக் காகிதமின்றிச் சொல்லும் திறனைப் பத்து வயதுச் சிறுவரிடம் அந்தப் பள்ளி எதிர்பார்த்தது. நாவும் செவியுமே அவர்களுக்குப் பாடநூல்.

இந்தப் பள்ளி முறையின் ஒரு கூறு கடல் கடந்தும் சென்றது. சென்னையில் அநாதைச் சிறுவர் இல்லம் ஒன்றை நடத்திய ஆண்ட்ரூ பெல் என்ற ஆங்கிலத் திருச்சபைக் குரு, உள்ளூர்ச் சிறுவர்கள் மணலில் எழுதிப் பயில்வதைக் கண்டார். மாணவரைக் கொண்டே மாணவருக்குக் கற்பிக்கும் முறையைத் தம் இல்லத்தில் வளர்த்து, அது குறித்து 1797இல் ஒரு நூலை வெளியிட்டார். இங்கிலாந்தின் ஏழைப் பிள்ளைகளுக்கான பள்ளிகளில் ‘சென்னை முறை’ என்றே அது பரவியது.

நினைவே ஏடாக விளங்கிய இதே தமிழ் மண்ணில்தான், நெல்லை அளந்ததுபோல நிலவின் நடையை அளந்தவர்களும் வாழ்ந்தார்கள்.

செஞ்சி வீழ்ந்த ஆண்டில் வந்தவர்

புதுவைக் கடற்கரையில் காந்தியடிகளின் சிலையைச் சூழ்ந்து நிற்கும் கல்தூண்கள் செஞ்சியிலிருந்து கொண்டுவரப்பட்டவை என்பதை நம்மில் பலர் அறிவோம். 1750 செப்டம்பரில் புஸ்ஸி தலைமையில் பிரெஞ்சுப் படை ஒரே இரவில் செஞ்சியைக் கைப்பற்றியது. அதன்பின் பதினோர் ஆண்டுகள் செஞ்சியும் புதுவையும் ஒரே கொடியின்கீழ் இருந்தன. 1761 ஜனவரியில் புதுவை ஆங்கிலேயரிடம் வீழ்ந்தது. ஏப்ரலில் செஞ்சியும் வீழ்ந்தது.

அந்த வீழ்ச்சி பற்றிய செய்தி அறியாமல், அவ்வாண்டில் ஒரு பிரெஞ்சு அறிஞர் கடலில் வந்துகொண்டிருந்தார். அவர் பெயர் குய்யோம் லெ ஜாந்தி. வெள்ளிக்கோள் கதிரவனின் முகத்தைக் கடந்து செல்லும் அரிய காட்சியைப் புதுவையிலிருந்து நோக்கி அளக்கும்படி பாரிசு அறிவியல் கழகம் அவரை அனுப்பியிருந்தது. பல நாடுகளிலிருந்து எடுக்கும் அளவுகளை ஒப்பிட்டு, கதிரவனின் தொலைவைக் கணிப்பதே நோக்கம். புதுவை பகைவர் கையில் என்று வழியிலேயே தெரிந்தது. 1761 ஜூன் 6ஆம் நாள், ஆடும் கப்பலின் தளத்தில் நின்று அவர் அக்காட்சியைக் கண்டார். அளவுகள் எதற்கும் பயன்படவில்லை.

அடுத்த கடப்பு 1769இல். எட்டு ஆண்டுகள் கீழ்த்திசையிலேயே காத்திருக்க அவர் துணிந்தார். 1768இல் மீண்டும் பிரெஞ்சுக்காரர் வசமிருந்த புதுவைக்கு வந்து, இடிந்த கோட்டையின்மேல் ஒரு வானாய்வுக் கூடம் அமைத்தார். ஜூன் மாதத்தின் அந்தக் காலையில் மேகம் கவிந்தது. கடப்பு முடிந்தபின்தான் கதிரவன் வெளியே வந்தான். 1771இல் அவர் பிரான்சுக்குத் திரும்பியபோது, அவர் இறந்துவிட்டதாகக் கருதப்பட்டு, கழகத்தில் அவர் இடம் வேறொருவருக்குக் கொடுக்கப்பட்டிருந்தது.

ஆனால் அந்தக் காத்திருப்பு வீணாகவில்லை. புதுவையில் தமிழ்க் கணிதர்கள் கிரகணங்களைக் கணிப்பதை அவர் கேள்வியுற்றார். நேரில் கண்டார். எழுதுகோலைத் தொடாமல், தரையில் சோழிகளை வைத்து நகர்த்தி, வாய்க்குள் சில சொற்களை முணுமுணுத்தபடி அவர்கள் கணக்கிட்ட வேகம் அவரை வியக்க வைத்தது. 1765 ஆகஸ்டு 30ஆம் நாள் நிகழ்ந்த சந்திர கிரகணத்தின் கால அளவை அவர் ஒப்பிட்டுப் பார்த்தார். தமிழ்க் கணிதரின் விடை 41 வினாடி குறைவு. ஐரோப்பாவில் சிறந்ததென மதிக்கப்பட்ட தோபியாஸ் மாயரின் அட்டவணைப்படி வந்த விடையோ 68 வினாடி மிகை. இதைத் தம் பயண நூலில் அவர் மறைக்காமல் எழுதினார்.

இத்தகைய உரையாடல்கள் மொழிபெயர்ப்பாளர்கள் இல்லாமல் நடந்திருக்க முடியாது. அக்காலப் புதுவையில் இரு மொழிகளுக்கும் பாலமாக நின்றவர்களில் தமிழ்க் கிறிஸ்தவர்கள் பலர் இருந்தனர். பாகவதத்தைப் பிரெஞ்சு மொழியில் தந்த மரிதாஸ் பிள்ளை அவர்களுள் ஒருவர். அந்நூல் 1788இல் பாரிசில் அச்சாயிற்று. வானியல் ஆர்வத்தில் நம் மறைப்பணியாளர்களும் முன்னின்றனர். 1689 டிசம்பரில் புதுவையிலிருந்து ஒரு வால்மீனை நோக்கிக்கொண்டிருந்த இயேசு சபைக் குரு ழான் ரிஷோ, ஆல்ஃபா செந்தோரி என்ற ஒளிமிக்க விண்மீன் ஒன்றல்ல, இரண்டு என்று கண்டறிந்தார். 1750ஆம் ஆண்டளவில் துஷாம் என்ற இயேசு சபைக் குரு, இந்திய வானியல் அட்டவணைகளைப் பாரிசிலிருந்த வானியலார் தெலீலுக்கு அனுப்பிவைத்தார்.

சாமிநாதனின் சோழிகள்

லெ ஜாந்திக்குப் பின் அரை நூற்றாண்டு கழித்து, இந்தக் கணித முறையை இன்னும் விரிவாகப் பதிவு செய்தவர் ஜான் வாரன். பிரெஞ்சுக் குடும்பத்தில் பிறந்து ஆங்கிலேயப் படையில் பணியாற்றிய அவர், சென்னை வானாய்வுக் கூடத்தின் பொறுப்பையும் சில ஆண்டுகள் ஏற்றிருந்தார். தென்னிந்தியரின் கால அளவைகளைப் பற்றிய ‘கால சங்கலிதம்’ என்ற பெருநூல் 1825இல் சென்னையில் வெளிவந்தது. புதுவையில் பஞ்சாங்கம் கணிக்கும் ஒருவர் தம் கண்முன்னே ஒரு சந்திர கிரகணத்தைச் சோழிகளால் கணித்த வரலாற்றை வாரன் அதில் எழுதியுள்ளார். அவர் பெயர் ஆங்கில எழுத்தில் ‘சாமி நாடன் சாஷியா’ என்று சிதைந்து நிற்கிறது. சாமிநாத சேஷய்யா என்று நாம் அதைப் படிக்கலாம்.

அவர் செய்த கணக்கின் முதற்படியை நாமும் செய்து பார்க்கலாம். நிலவு எப்போதும் ஒரே வேகத்தில் செல்வதில்லை. பூமிக்குத் தொலைவில் மெதுவாகவும் அருகில் விரைவாகவும் செல்கிறது. மிக மெதுவான நிலையிலிருந்து மீண்டும் அந்நிலைக்கு வர ஏறத்தாழ 27.55 நாள் ஆகிறது. இது முழு எண் அன்று. ஆனால் அத்தகைய ஒன்பது சுற்றுகள் ஏறத்தாழச் சரியாக 248 நாள். ஆகவே 248 நாள்களுக்கு நாளொன்றுக்கு ஒன்றாக 248 வாக்கியங்களை அமைத்துவிட்டால், நிலவின் நடை முழுவதும் கைக்குள் வந்துவிடும். அவை ‘சந்திர வாக்கியங்கள்’; வரருசி இயற்றியவை என்பது மரபு.

248 என்பதில் சிறு பிழை உண்டு. அதைத் திருத்த, 110 சுற்றுகள் கொண்ட 3,031 நாள் என்ற பேரளவும், 449 சுற்றுகள் கொண்ட 12,372 நாள் என்ற பேரளவும், 16,00,984 நாள் என்ற மிகப் பெரிய அளவும் இருந்தன. இந்த எண்களும் சொற்களாகவே மனத்தில் நின்றன. எடுத்துக்காட்டாக, ‘தேவர’ என்ற சொல்லை எடுப்போம். வடமொழி எழுத்துகளுக்கு எண் கொடுக்கும் ‘கடபயாதி’ முறைப்படி ‘தே’ எட்டு, ‘வ’ நான்கு, ‘ர’ இரண்டு. வலமிருந்து இடமாகப் படித்தால் 248. பிள்ளை கற்பது ஒரு சொல். அவன் சுமப்பது ஓர் எண்.

கலியுகத் தொடக்கம் என மரபு கொள்ளும் நாளிலிருந்து 1825 ஜூன் முதல் நாள் வரை 17,99,313 நாள்கள். இதிலிருந்து 16,00,984ஐக் கழித்தால் எஞ்சுவது 1,98,329. அதில் 12,372ஐப் பதினாறு முறை கழித்தால் மிச்சம் 377. இதில் 3,031 அடங்காது. 248 ஒருமுறை அடங்கும். கழித்தால் 129. அவ்வளவுதான். நெஞ்சிலுள்ள 129ஆம் வாக்கியத்தைச் சொல்லிப் பார்த்தால், அன்றைய நிலவு எங்கே என்பது ஏறத்தாழத் தெரிந்துவிடும். அதன்பின் கதிரவனின் இடம், இராகுவின் இடம் எனக் கணக்கு நீளும். ஒவ்வொரு படியிலும் வரும் எண்ணைச் சோழிகள் தரையில் தாங்கி நிற்கும். வேலை முடிந்ததும் கை அவற்றைக் கலைத்துவிடும்.

அந்த மனிதரைப் பற்றி வாரன் எழுதியதில் ஒரு செய்தி நம்மை நிறுத்துகிறது. வானியலின் கொள்கை எதுவும் அவருக்குத் தெரியாது. ஆனால் நினைவாற்றல் வியப்புக்குரியது என்கிறார் வாரன். எந்த விதியால் எண் வருகிறதோ அந்த விதியின் காரணம் அவர் அறியாதது. 1825 மே 31–ஜூன் 1 இரவில் நிகழ்ந்த அந்தக் கிரகணத்தின் தொடக்கத்தை அவர் நான்கு நிமிடப் பிழையோடு கூறினார். நடுப்பகுதியில் பிழை 23 நிமிடம். முடிவில் 52 நிமிடம்.

பாபிலோனிலிருந்து புதுவைக்கு

இந்தச் சாமிநாதனின் பெயரை உலக அறிவியல் வரலாற்றுக்குள் கொண்டுவந்தவர் ஆட்டோ நாய்கெபவர் என்ற அறிஞர். பாபிலோனின் களிமண் பலகைகளைப் படிப்பதில் வல்லவரான அவர், 1952இல் ‘தமிழ் வானியல்’ பற்றி ஓர் ஆய்வுக் கட்டுரை எழுதினார். கிறிஸ்து பிறப்பதற்கு இரண்டு மூன்று நூற்றாண்டுகளுக்கு முன் எழுதப்பட்ட பாபிலோனியப் பலகைகளில் நிலவுக்கு இதே 248 நாள் கணக்கு இருக்கிறது. உரோமை ஆட்சிக்கால எகிப்தின் நாணற்புல் ஏடுகளில் அது மீண்டும் தோன்றுகிறது. ஆறாம் நூற்றாண்டில் வராகமிகிரரின் நூலில் தலைகாட்டுகிறது. பின்னர் தமிழகத்தின் வாக்கிய மரபில் நிலைபெற்று, 1825இல் புதுவைத் தெருவில் சோழிகளாக உருள்கிறது. மரபின் சங்கிலி ஈராயிரம் ஆண்டுகள் அறுபடாமல் வந்திருக்கிறது என்பதே, கணக்கின் துல்லியத்தைவிட நாய்கெபவரை வியக்கச் செய்தது.

நமக்கும் இது அந்நியமான செய்தி அன்று. பெத்லகேமுக்கு விண்மீன் காட்டிய வழியில் வந்த கீழ்த்திசை ஞானிகளை ஆண்டுதோறும் திருக்காட்சிப் பெருவிழாவில் கொண்டாடுகிறோம். வானத்தை எண்ணிப் பழகிய கீழை நாடுகளின் மக்களே அந்த நற்செய்திப் பகுதியில் நம்மை நோக்கி வருகிறார்கள். விண்மீன்கள் மனிதரின் விதியை ஆள்கின்றன என்ற சோதிட நம்பிக்கையைத் திருச்சபை ஏற்பதில்லை. ஆனால் விண்மீன்களைப் படைத்தவர் அவற்றுக்கு ஒழுங்கையும் கொடுத்தார் என்றும், அந்த ஒழுங்கை எண்ணிப் பார்க்கும் அறிவையும் மனிதருக்குக் கொடுத்தார் என்றும் அது எப்போதும் நம்புகிறது.

திருச்சபையின் சொந்தக் கணக்கு

சாமிநாதனை எள்ளி நகைப்பதற்குமுன், நாம் நம் வீட்டையும் பார்க்க வேண்டும். உயிர்ப்புப் பெருவிழா ஆண்டுக்கு ஆண்டு நாள் மாறி வருகிறது. இளவேனிற் சமநாளை ஒட்டியோ அதற்குப் பின்போ வரும் முழுநிலவை அடுத்த ஞாயிறு என்பது விதி. அதைக் கணிக்கவும் நிலவின் சுழற்சி வேண்டும். 19 ஆண்டுகளில் 235 திங்கள்கள் அடங்கும் என்ற பழங்கணக்கே அதற்கு அடிப்படை. புனித பேதா 725ஆம் ஆண்டில் எழுதிய நூலில், இந்த எண்களை விரல் மூட்டுகளில் எண்ணி நினைவில் வைக்கும் முறையை விளக்கியுள்ளார். சோழிக்குப் பதில் விரல். மற்றபடி வேறுபாடு அதிகமில்லை. பல நூற்றாண்டுகளாக விரல் மடக்கி உயிர்ப்பு விழாவை அறிவித்த எளிய பங்குக் குருக்களில் எத்தனை பேருக்கு அந்த விதியின் காரணம் தெரிந்திருக்கும்?

நம் தமிழகத்திலும் இந்தக் கவலை இருந்தது. வீரமாமுனிவரின் நூற்பட்டியலில் ‘தேம்பாவணி’, ‘சதுரகராதி’, ‘பரமார்த்த குரு கதை’ ஆகியவற்றோடு ‘திருச்சபைக் கணிதம்’ என்ற பெயரும் இடம்பெற்றிருக்கிறது.

திருச்சபையின் பழங்கணக்கிலும் பிழை சேர்ந்தது. ஆண்டுக்குச் சில நிமிடங்களாகத் தொடங்கிய பிழை, 16ஆம் நூற்றாண்டில் பத்து நாளாகப் பெருகியது. சமநாள் ஒருபுறமும் நாள்காட்டி மறுபுறமும் நின்றன. அப்போது திருத்தந்தை 13ஆம் கிரகோரி அறிஞர் குழு ஒன்றைக் கூட்டினார். இயேசு சபையைச் சேர்ந்த கிளாவியுஸ் என்ற கணித மேதை அதில் முக்கியப் பங்காற்றினார். 1582 அக்டோபர் 4ஆம் நாளுக்கு அடுத்த நாள் அக்டோபர் 15 என்று அறிவிக்கப்பட்டது. பத்து நாள்களை இழக்கத் திருச்சபை அஞ்சவில்லை. மரபைக் காப்பாற்றவே அது மரபைத் திருத்தியது.

கேரளத்திலும் அத்தகைய துணிவு இருந்தது. 14ஆம் நூற்றாண்டில் பிறந்த சங்கமகிராமத்து மாதவர் சந்திர வாக்கியங்களை மேலும் நுட்பமாக்கினார். அவர் வழிவந்த பரமேசுவரர் பல்லாண்டுகள் கிரகணங்களைக் கண்ணால் நோக்கி, 1431இல் ‘திருக்கணிதம்’ என்ற திருத்திய முறையை வகுத்தார். ஓதியவர்களாக மட்டும் நில்லாமல், ஏன் என்று கேட்டவர்களாகவும் அவர்கள் இருந்தனர்.

இப்போது அந்த 52 நிமிடங்களுக்கு வருவோம். 1765ஆம் ஆண்டுக் கிரகணத்தில் 41 வினாடி மட்டுமே தவறிய முறை, 1825ஆம் ஆண்டுக் கிரகணத்தின் முடிவில் 52 நிமிடம் தவறியது. அறுபது ஆண்டுகளில் வானம் மாறிவிடவில்லை. சாமிநாதனின் நினைவும் பிசகவில்லை. முதல் விடையின் துல்லியத்தில் நற்பேறும் கலந்திருந்தது. நூற்றாண்டுகளுக்கு முன் வகுத்த விதியைக் காரணம் அறிந்து சரிபார்க்க ஒருவர் இருந்தால், இந்த 52 நிமிடங்கள் கண்ணில் பட்டிருக்கும். அன்று புதுவையில் சோழியை நகர்த்திய கைகளுக்கு அந்தத் துணை கிட்டவில்லை.

மூடிய கதவுகள்

இந்தப் பள்ளி ஏன் மறைந்தது? அச்சிட்ட அட்டவணைகள் வந்தன. ஆங்கிலப் பள்ளிகள் வந்தன. கணக்கரின் வேலை மாறியது. இவையெல்லாம் உண்மை. வாக்கியப் பஞ்சாங்கம் இன்றும் அச்சாகிறது என்றாலும், சோழியை நகர்த்தும் கை அதற்குத் தேவைப்படவில்லை. ஆனால் இன்னொரு காரணமும் உண்டு. அந்த அறிவு சில குடும்பங்களின் சொத்தாக இருந்தது. தந்தை மகனுக்குச் சொன்னார். மகன் கற்காவிட்டால் கதவு அடைபட்டது.

திண்ணைப் பள்ளியும் எல்லாருக்கும் திண்ணை தரவில்லை. தாமஸ் மன்றோவின் ஆணையால் 1822இல் தொடங்கிய கணக்கெடுப்பின்படி, சென்னை மாகாணத்தில் 12,498 பள்ளிகளும் 1,88,650 மாணவரும் இருந்தனர். அவர்களுள் பெண்கள் 4,540 பேர் மட்டுமே. செஞ்சி வயல்களில் நெல்லை விளைவித்த தலித் மக்களின் பிள்ளைகளில் மிகப் பெரும்பாலோர், அந்த நெல்லைக் கணக்கிடும் கல்வியை எட்ட முடியவில்லை. களஞ்சியத்தை நிரப்பியவர் ஒருவர். அதன் கணக்கை அறிந்தவர் வேறொருவர்.

இதைச் சொல்லும்போது நாம் விரலை வெளியே மட்டும் நீட்ட முடியாது. புதுவை ஆலயத்துக்குள்ளேயே சாதியால் பிரித்து எழுப்பிய சுவர் நின்றதையும், அதை எதிர்த்து மக்கள் குரல் எழுப்பியதையும் ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு பதிவு செய்துள்ளது. பின்னாளில் நம் துறவியரும் குருக்களும் சிற்றூர்தோறும் தொடங்கிய பள்ளிகள் எத்தனையோ பிள்ளைகளுக்குக் கதவைத் திறந்தன. அது நம் மண்ணில் திருச்சபை செய்த பெரும் நற்பணி. எனினும், சுவரை எழுப்பியதும் கதவைத் திறந்ததும் ஒரே சமூகம்தான் என்பதை மறக்கலாகாது.

நினைவும் தெளிவும்

இருவரை எண்ணிப் பார்ப்போம். லெ ஜாந்தி வானத்தின் விதிகளை அறிந்தவர். பதினோர் ஆண்டுகள் அலைந்தும், தாம் வந்த பணியை முடிக்காமல் திரும்பினார். சாமிநாதன் விதியின் காரணம் அறியாதவர். ஆனாலும் கிரகணம் தொடங்கும் வேளையை நான்கு நிமிடப் பிழையோடு சொன்னார். யாரை நாம் அறிஞர் என்போம்?

சாமிநாதனைப் போன்றவர்கள் இல்லாமற்போயிருந்தால், பாபிலோனின் கணக்கு நம் தெருவரை வந்திருக்காது. புரியாததைக்கூடப் பிழையின்றிப் பாதுகாத்து, அடுத்த தலைமுறையின் கையில் வைப்பது சிறிய பணியன்று. இலத்தீன் திருப்பலியின் ஒவ்வொரு பதிலையும், பொருள் தெரியாமலே, ஓர் எழுத்தும் பிசகாமல் ஓதிய நம் பாட்டிமாரை நினைப்போம். செபமாலை மணிகளை உருட்டியபடி நான்கு தலைமுறைக்கு விசுவாசத்தைக் கடத்தியவர்கள் அவர்கள். எழுத்தறியாத அந்த நாவுகளே பல சிற்றூர்களில் மறையுண்மையின் ஏடுகளாக இருந்தன. குருவானவர் ஆண்டுக்கு ஒருமுறை வந்துபோன காலத்தில், எஞ்சிய நாள்களில் ஊரின் விசுவாசத்தைக் காத்தது அந்த நினைவுதான்.

ஆனால் நினைவு மட்டும் போதுமா? ஞானோபதேசக் கேள்வி–பதிலைத் தடையின்றி ஒப்பிக்கும் பிள்ளை, அயலாரின் பசியைக் கண்டு அசையாதிருந்தால், எங்கோ ஒரு பிழை சேர்ந்துகொண்டிருக்கிறது. தொடக்கத்தில் அது நான்கு நிமிடம். கவனிக்க ஆளில்லையென்றால் முடிவில் ஐம்பத்திரண்டு நிமிடம். விசுவாசம் அறிவைத் தேடுகிறது என்பது புனித ஆன்செல்மின் போதனை. இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்குப்பின் திருப்பலி நம் தாய்மொழியில் ஒலிக்கத் தொடங்கியதும், விவிலியம் பொதுநிலையினர் கைகளுக்கு இன்னும் நெருங்கி வந்ததும் இந்தத் தேடலுக்காகவே. பாட்டி காத்துத் தந்த சொல்லின் பொருளைப் பேத்தி கேட்கும்போது பாட்டியின் பணி முழுமை பெறுகிறது.

செஞ்சியின் மதில்களைக் காக்க அரசும் உலகமும் முன்வந்துள்ளன. அந்தக் களஞ்சியத்தை அளந்த கணக்கையும், அவ்வட்டாரத்தின் வானை எண்ணிய சொற்களையும் காக்க யாரும் முன்வரவில்லை. அந்நியர் இருவர் எழுதி வைத்ததால் மட்டுமே நாம் அறிகிறோம். நம் குடும்பங்களிலும் பங்குகளிலும் இன்றும் முதியோர் சிலரின் நாவில் மட்டும் வாழும் மன்றாட்டுகள், ஒப்பாரிகள், பாஸ்கு நாடக வசனங்கள், விதைப்புக்கும் அறுவடைக்கும் உரிய செபங்கள் இருக்கின்றன. அவற்றை இளையோர் கேட்டு எழுதட்டும். எழுதும்போது பொருளையும் கேட்கட்டும். பொருள் கேட்ட பின், முன்பு கதவுக்கு வெளியே நிறுத்தப்பட்டவர்களோடு அதைப் பகிரட்டும்.

வானத்து விண்மீன்களை எண்ணி, அவை ஒவ்வொன்றையும் பெயர் சொல்லி அழைப்பவர் நம் ஆண்டவர் என்று திருப்பாடலாசிரியர் அறிந்திருந்தார். அவருடைய கணக்கில் சாமிநாதனின் பெயர் சிதைவதில்லை. களஞ்சியத்தை நிரப்பியும் எந்த ஏட்டிலும் ஏறாத உழவரின் பெயரும் விடுபடுவதில்லை.